வகுப்புச் சுவரில் ஒரே ஒரு கிராண்ட்மாஸ்டர் – யாரை ஒட்டலாம்?

கன்னங்குறிச்சி கட்டம் (இழையைத் தொடங்கியவர்) | சனி, இரவு 8.50

எல்லாருக்கும் வணக்கம். கன்னங்குறிச்சியில் வீட்டு மாடியில் சனி, ஞாயிறுகளில் செஸ் வகுப்பு நடத்துகிறேன் என்பது இங்கே பலருக்குத் தெரியும். பெரும்பாலும் அண்டர் 9, அண்டர் 11 பிள்ளைகள். பெயிண்ட் அடித்த பிறகு ஒரு சுவர் மொட்டையாக நிற்கிறது. அதில் ஒரு கிராண்ட்மாஸ்டரின் ஆட்ட வாழ்க்கையை ஆண்டு வாரியாக பிளெக்ஸில் அடித்து மாட்டலாம் என்று நினைக்கிறேன்.

ஒருவர் மட்டும்தான். பத்துப் பேரை வரிசையாக மாட்டினால் பிள்ளைகள் படத்தைப் பார்ப்பார்கள், எழுத்தைப் படிக்க மாட்டார்கள். தமிழ்நாட்டு ஆளாக இருக்க வேண்டும். போட்டி, ஆண்டு, முடிவு எல்லாம் இருக்க வேண்டும். பொன்மொழி வேண்டாம், அது பள்ளிக்கூடச் சுவரில் தேவைக்கு மேலேயே இருக்கிறது.

யாரைப் போடலாம், ஏன் என்று சொல்லுங்கள்.

குரங்குச்சாவடி குதிரை | சனி, இரவு 9.05

குகேஷ். இழையை மூடிவிடலாம் அண்ணா.

2019 ஜனவரியில் கிராண்ட்மாஸ்டர். அப்போது வயது 12 வருஷம் 7 மாதம் 17 நாள். 2024 ஏப்ரலில் டொரன்டோ கேண்டிடேட்ஸில், அதாவது உலக சாம்பியனோடு மோதும் ஆளைத் தேர்ந்தெடுக்கும் போட்டியில், 14 ஆட்டத்துக்கு 9 புள்ளி எடுத்து முதலிடம். அதே ஆண்டு செப்டம்பரில் நாட்டு அணிகள் மோதும் புடாபெஸ்ட் ஒலிம்பியாடில் முதல் போர்டில் 10-க்கு 9. டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் டிங் லிரெனை 7.5-6.5 என்று ஜெயித்து உலக சாம்பியன். 18 வயது. அதற்கு முன்னால் காஸ்பரோவ் 22 வயதில் ஆனதுதான் சாதனையாக இருந்தது. இதற்கு மேல் என்ன வேண்டும்?

இரும்பாலை ஓய்வு | சனி, இரவு 9.40

தம்பி, நீங்கள் ஒரே ஒரு வருடத்தை விரித்துச் சொல்லியிருக்கிறீர்கள். ஆட்ட வாழ்க்கை என்றால் ஆனந்த்தான்.

நான் இரும்பாலையில் ஷிப்ட் பார்த்துக்கொண்டே செஸ் ஆடிய தலைமுறை. எங்களுக்கு கிராண்ட்மாஸ்டர் என்றால் ரஷ்யாவில் இருப்பவர். நம் ஊர்ப்பக்கம் அப்படி ஒரு ஆள் வருவார் என்றே யாரும் நினைத்ததில்லை. ஆனந்த் 1987-ல் பிலிப்பைன்ஸில் உலக ஜூனியர் பட்டத்தை வென்றார். அப்புறம் கோயம்புத்தூரில் சக்தி பைனான்ஸ் போட்டியில் ஜெயித்து கிராண்ட்மாஸ்டர் ஆனார், இந்தியாவின் முதல் ஆள். கோயம்புத்தூர்! சேலத்திலிருந்து காலையில் ரயில் ஏறினால் சாப்பாட்டு நேரத்துக்குள் போய்விடலாம். அந்தப் போட்டியைப் போய்ப் பார்க்கவில்லையே என்று எங்கள் செட்டில் இன்றைக்கும் பேசிக்கொள்வோம்.

சரி, சுவருக்கு வருகிறேன். 1991-92 ரெஜ்ஜோ எமிலியாவில் காஸ்பரோவ், கார்போவ் இரண்டு பேரும் ஆடிய போட்டியில் முதலிடம். 1995-ல் நியூயார்க்கில் காஸ்பரோவோடு உலக சாம்பியன் மேட்ச். முதல் எட்டு ஆட்டமும் டிரா, ஒன்பதாவதில் ஆனந்த் ஜெயித்தார். அடுத்த ஐந்தில் நான்கைக் காஸ்பரோவ் பிடுங்கிக்கொண்டார். 1998-ல் லோசானில் கார்போவோடு சமநிலை ஆகி, அதை உடைக்க வைத்த டை-பிரேக்கில் தோல்வி. அப்போது ஆனந்த் நீண்ட நாக் அவுட் போட்டியை ஆடி முடித்துவிட்டு மூச்சு வாங்காமல் அங்கே போனார். கார்போவ் நேராக இறுதியில் உட்கார்ந்திருந்தார். அது என்ன நியாயமோ எனக்கு இன்றுவரை புரியவில்லை.

2000-ல் டெஹ்ரானில் ஷிரோவை வென்று முதல் உலகப் பட்டம். 2007 மெக்சிகோ சிட்டியில் ஒரு ஆட்டமும் தோற்காமல் 14-க்கு 9. 2008 பான் நகரில் கிராம்னிக். 2010 சோபியாவில் டோபலோவ். 2012 மாஸ்கோவில் கெல்பாண்ட். டோர்னமென்ட், மேட்ச், நாக் அவுட் என்று மூன்று வகையிலும் உலகப் பட்டம் எடுத்த ஆள் அவர் ஒருவர்தான். 2013-ல் சென்னையிலேயே கார்ல்சனிடம் பட்டத்தை இழந்தார். அவ்வளவுதான், ஓய்வு பெறலாம் என்று எல்லாரும் எழுதினார்கள். அடுத்த மார்ச்சில் கான்டி மான்சிஸ்க் கேண்டிடேட்ஸில் ஒரு சுற்று மிச்சமிருக்கும்போதே முதலிடத்தை உறுதி செய்தார். 2017-ல் 48 வயதில் உலக ரேபிட் சாம்பியன்.

குகேஷுக்கு 48 வயது ஆகட்டும், பேசலாம்.

குரங்குச்சாவடி குதிரை | சனி, இரவு 9.47

சார், அதுவரைக்கும் சுவர் இருக்குமா?

செவ்வாய்ப்பேட்டை கொலுசு | சனி, இரவு 10.15

நான் செஸ் ஆடுகிறவன் இல்லை, செஸ் ஆடுகிறவனுக்குப் பணம் கட்டுகிறவன். பையன் அண்டர் 11. 2024 மார்ச்சில் உலக செஸ் அமைப்பான பிடே 2000-க்குக் கீழே இருந்தவர்களின் ரேட்டிங்கை, அதாவது ஆட்ட பலத்தைக் காட்டும் எண்ணை, தூக்கிவிட்டதே, அதில் ஏறியவன். வீட்டில் அவன் திறமையால் ஏறியதாகப் பேசிக்கொள்கிறார்கள்.

யாரை வேண்டுமானாலும் ஒட்டுங்கள். ஆனால் அந்த பிளெக்ஸைப் பார்த்துவிட்டு எத்தனை அப்பா அம்மா கடை வியாபாரத்தை விட்டுவிட்டுப் பையனோடு ஸ்பெயின் போகலாமா என்று கேட்பார்கள் தெரியுமா? குகேஷின் அப்பா டாக்டர். பையனோடு ஊர் ஊராகப் போவதற்காகத் தொழிலையே நிறுத்தி வைத்தார் என்று எல்லாப் பத்திரிகையிலும் வந்தது. நம் தெருவில் அப்படி நிறுத்தினால் அடுத்த மாதம் பட்டறைக்கு வெள்ளி யார் வாங்குவது? அந்த வரியையும் பிளெக்ஸில் போடுவீர்களா?

கன்னங்குறிச்சி கட்டம் | சனி, இரவு 10.30

கொலுசு அண்ணா கேட்டது நல்ல கேள்வி. எனக்குக் குகேஷில் இருக்கும் சிக்கல் பணம் இல்லை, அந்த 12 வருஷம் 7 மாதம்.

தாரமங்கலத்திலிருந்து பஸ்ஸில் வரும் பையன் ஒருவன் இருக்கிறான். பதின்மூன்று நடக்கிறது. ஆட ஆரம்பித்து ஒரு வருஷம் இருக்கும். காய்கள் குறைந்த கடைசிக் கட்டமான என்டுகேமில் அவனுக்கு இருக்கிற பொறுமை மற்றவர்களுக்கு இல்லை. அவன் நிமிர்ந்து பார்க்கிற இடத்தில் '12 வயதில் கிராண்ட்மாஸ்டர்' என்று கொட்டை எழுத்தில் மாட்டினால் என்ன ஆகும்? தனக்கு நேரம் முடிந்துவிட்டது என்று படிப்பான். பிரக்ஞானந்தாவைப் போட்டாலும் இதே கதைதான். 10 வயதில் ஐஎம் (இன்டர்நேஷனல் மாஸ்டர், கிராண்ட்மாஸ்டருக்கு முந்தைய பட்டம்), 2018-ல் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது 12 வருஷம் 10 மாதம். செஸ் செய்தி எல்லாமே வயதில்தான் ஆரம்பிக்கிறது.

அம்மாப்பேட்டை தறி | சனி, இரவு 11.10

அப்படியானால் ஷ்யாம் நிகில்.

நாகர்கோவில்காரர். 2012-லேயே ரேட்டிங் 2500 தாண்டிவிட்டது, கையில் இரண்டு நார்ம். மூன்றாவது நார்ம் கிடைத்தது 2024 மே மாதம், துபாய் போலீஸ் மாஸ்டர்ஸ் போட்டியில். நடுவில் 12 வருஷம். இந்தியாவின் 85-வது கிராண்ட்மாஸ்டர், வயது 31. அந்தக் கடைசிப் போட்டியில் ஒரே ஒரு வெற்றி, எட்டு டிரா. கோப்பையும் இல்லை, மாலையும் இல்லை, பட்டம் மட்டும் வந்தது.

எனக்குத் தெரிந்து தமிழ்நாட்டில் இதைவிடக் கனமான ஆட்ட வாழ்க்கை ஆனந்த் தவிர யாருக்கும் இல்லை.

லீ பஜார் லெமன் | சனி, இரவு 11.14

இந்த நார்ம் நார்ம் என்கிறீர்களே, அது என்ன? ரேட்டிங் 2500 வந்தால் கிராண்ட்மாஸ்டர் இல்லையா?

அம்மாப்பேட்டை தறி | சனி, இரவு 11.52

இல்லை. 2500-ஐ ஒரு தடவை தொட வேண்டும், அதோடு மூன்று நார்ம் வேண்டும். ஒரு நார்ம் என்றால், சாதாரணமாக ஒன்பது சுற்றுப் போட்டியில், நீங்கள் ஆடிய ஆட்டம் 2600 ரேட்டிங் உள்ளவன் ஆடியதற்குச் சமமாக இருக்க வேண்டும். எதிரில் உட்கார்ந்தவர்களில் மூன்றில் ஒருவராவது கிராண்ட்மாஸ்டராக இருக்க வேண்டும். வெளிநாட்டு ஆட்களும் போதுமான அளவு இருக்க வேண்டும். மூன்றையும் சேர்த்து 27 ஆட்டம் தேற வேண்டும்.

இங்கேதான் சேலத்து ஆள் மாட்டுவான். நம் ஊர் ஓப்பன் போட்டிகளில் அத்தனை கிராண்ட்மாஸ்டருக்கும் வெளிநாட்டவருக்கும் எங்கே போவது? அதனால்தான் ஐரோப்பா. ஒரு அறையை நாலு பேர் பகிர்ந்து, குக்கரில் சாதம் வடித்து, மாதக்கணக்கில் ஊர் ஊராக ஆடுகிறார்கள்.

அடுத்தது இந்தியப் பொடியன்கள். 1900 என்று போட்டிருக்கும், ஆடுவது 2200 ஆட்டம். 18 வயதுக்குள் இருப்பவனுக்கு ஒரு ஆட்டத்தில் ஏற்ற இறக்கம் 40 மடங்கு கணக்கில் வரும், 2300 தொடும்வரை. அதனால் அவன் விறுவிறு என்று ஏறிவிடுவான். ஒருமுறை 2400 தொட்டுவிட்டவனுக்கு அது 10 மடங்குதான். அந்தப் பொடியனோடு டிரா ஆனால் உங்கள் ரேட்டிங்கும் இறங்கும், எதிராளிகளின் சராசரியும் இறங்கும், நார்மும் போய்விடும். 2012-க்குப் பிறகு இந்தக் கூட்டம் வருஷா வருஷம் பெருகிக்கொண்டே வந்தது. ஷ்யாம் நிகில் காத்திருந்த காலம் முழுக்க வாசல் குறுகிக்கொண்டே வந்தது என்றுதான் நான் பார்க்கிறேன்.

செவ்வாய்ப்பேட்டை கொலுசு | ஞாயிறு, காலை 6.20

12 வருஷம் யார் சாப்பாடு போட்டது? கிண்டலாகக் கேட்கவில்லை, உண்மையாகவே கேட்கிறேன்.

அம்மாப்பேட்டை தறி | ஞாயிறு, காலை 7.00

பொதுவாகச் சொல்கிறேன். நார்முக்குக் காத்திருக்கிறவர்கள் பெரும்பாலும் மற்ற பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்துத்தான் ஓட்டுகிறார்கள். விளையாட்டு ஒதுக்கீட்டில் ரயில்வே, வங்கி வேலை கிடைத்தவர்களும் உண்டு. பயிற்சி கொடுப்பது குறைந்த தொழில் என்று யாரும் நினைக்க வேண்டாம். ஆர்.பி. ரமேஷ் கிராண்ட்மாஸ்டர், 2007-ல் காமன்வெல்த் சாம்பியன். சொந்த ஆட்டத்தைக் குறைத்துக்கொண்டு சொல்லிக்கொடுக்க வந்தார், பிரக்ஞானந்தாவும் வைஷாலியும் அவரிடம் வளர்ந்தவர்கள். குகேஷை வளர்த்த விஷ்ணு பிரசன்னாவும் கிராண்ட்மாஸ்டர். 2024 ஒலிம்பியாட் தங்க அணிக்குக் கேப்டன் ஸ்ரீநாத் நாராயணனும் அப்படித்தான்.

ஏற்காடு மிளகு | ஞாயிறு, காலை 9.30

எல்லாரும் ஆண் பிள்ளைகளையே சொல்லிக்கொண்டிருக்கிறீர்கள். அந்த மாடி வகுப்பில் பெண் பிள்ளைகளும் உட்கார்ந்திருக்கிறார்கள், என் மகள் உட்பட. இருபது கொண்டை ஊசி வளைவு இறங்கி வருகிறாள். பாதி நாள் வாந்தி எடுத்துவிட்டுத்தான் முதல் காயை நகர்த்துகிறாள். மழைக்காலத்தில் மூடுபனி இறங்கிவிட்டால் கடைசி ஆட்டத்தைப் பாதியில் விட்டுவிட்டு பஸ் பிடிக்க ஓடுகிறோம்.

வைஷாலியைப் போடுங்கள். 'பிரக்ஞானந்தாவின் அக்கா' என்று எழுதினால் நானே வந்து கிழிப்பேன். செஸ் வகுப்புக்கு முதலில் போனதே அந்தப் பெண்தான், அதைப் பார்த்துத்தான் தம்பி உட்கார்ந்தான்.

குரங்குச்சாவடி குதிரை | ஞாயிறு, காலை 9.41

அக்கா, மரியாதையோடு சொல்கிறேன். வைஷாலி பெரிய ஆட்டக்காரர்தான். ஆனால் உலக சாம்பியன் இருக்கும்போது...

ஏற்காடு மிளகு | ஞாயிறு, காலை 11.15

தம்பி, கட்டம் சார் என்ன கேட்டார்? யார் பெரியவர் என்றா கேட்டார்? யாருடைய பாதையைப் பிள்ளைகள் படிக்க வேண்டும் என்று கேட்டார்.

2012-ல் 12 வயதுக்குட்பட்ட பெண்கள் உலகப் பட்டம், 2015-ல் 14 வயதுக்குட்பட்டது. 2013-ல் ஆனந்தோடு மேட்ச் ஆடச் சென்னை வருவதற்கு முன்பு கார்ல்சன் பல பேரோடு ஒரே நேரத்தில் ஆடினாரே, அதில் அவரைத் தோற்கடித்த சிறுமி. அதற்கப்புறம் 2018-ல் டபிள்யூஜிஎம் (பெண்களுக்கான தனிப் பட்டம்), 2021-ல் ஐஎம் என்று ஒவ்வொரு படியாகத்தான் ஏறினாள். 2023 கத்தார் மாஸ்டர்ஸில் மூன்றாவது நார்ம். அதே டிசம்பரில் ஸ்பெயினில் ஒரு ஓப்பனில் 2500 தாண்டினாள். கோனேரு ஹம்பி, ஹரிகாவுக்குப் பிறகு இந்தியாவில் மூன்றாவது பெண் கிராண்ட்மாஸ்டர். வயது 22.

ஒரே வீடு. ஒரே பயிற்சியாளர். தம்பிக்கு 12-ல், அக்காவுக்கு 22-ல். தாரமங்கலத்துப் பையனுக்கு இது போதாதா?

அப்புறம் 2024 டொரன்டோவில் பெண்கள் கேண்டிடேட்ஸ். ஆறிலிருந்து ஒன்பதாவது சுற்று வரை வரிசையாக நான்கு தோல்வி. மேலே வீட்டில் இருந்து பார்க்கிற எனக்கே சாப்பாடு இறங்கவில்லை. பத்திலிருந்து பதினான்கு வரை வரிசையாக ஐந்து வெற்றி. 7.5 எடுத்து இரண்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டாள்.

இரும்பாலை ஓய்வு | ஞாயிறு, மதியம் 12.20

அம்மா சொன்னதில் எனக்கு மறுப்பில்லை. இதோடு 2025-ஐயும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஆகஸ்ட்டில் சென்னை கிராண்ட்மாஸ்டர்ஸ் சேலஞ்சர்ஸில் தொடர்ந்து ஏழு ஆட்டம் தோற்றார், சொந்த ஊரில். அடுத்த மாதமே சமர்கந்தில் பெண்கள் கிராண்ட் ஸ்விஸ் 11 சுற்றில் 8 எடுத்து முதலிடம். அந்தப் போட்டியை 2023-லும் அவர்தான் வென்றிருந்தார். ஒரு மாத இடைவெளியில் அப்படிக் கீழே போய் இப்படி மேலே வந்த இன்னொரு கணக்கை நான் பார்த்ததில்லை.

ஆனால் தோல்வி என்று பேச ஆரம்பித்தால் மேனுவல் ஆரோனை விட்டுவிட முடியாது. 1961-ல் இந்தியாவின் முதல் ஐஎம். ஒன்பது முறை தேசிய சாம்பியன். 1962-ல் உலகப் பட்டத்துக்கான தகுதிப் போட்டியான ஸ்டாக்ஹோம் இன்டர்சோனல் போனார். ஹங்கேரியின் போர்டிஷ், கிழக்கு ஜெர்மனியின் ஊல்மன் இருவரும் அன்றைக்கு உலகத் தரத்தில் இருந்தவர்கள், இருவரையும் தோற்கடித்தார். மொத்தப் பட்டியலில் கடைசி இடம். இரண்டும் ஒரே போட்டியில்! அடுத்த இந்திய ஐஎம் வருவதற்கு 1978 வரை ஆனது, அவரும் தமிழ்நாட்டுக்காரர், ரவிகுமார். 1972-ல் சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் டால் செஸ் கிளப்பை ஆரோன் ஆரம்பித்தார். ஆனந்த் சிறு பையனாகப் போய் ஆடியது அங்கேதான். இன்று இந்திய கிராண்ட்மாஸ்டர்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் தமிழ்நாடு என்றால் அந்த ஒரு அறைக்கு அதில் பெரும்பங்கு இருக்கிறது.

லீ பஜார் லெமன் | ஞாயிறு, மதியம் 12.31

சார், கடைசி இடம் வந்தவரை வகுப்பில் ஒட்டச் சொல்கிறீர்களா :)

இரும்பாலை ஓய்வு | ஞாயிறு, மதியம் 12.35

ஆமாம்.

மரவள்ளி மந்திரி | ஞாயிறு, மாலை 4.10

ஆத்தூரிலிருந்து எழுதுகிறேன். எல்லாரும் சென்னையைச் சுற்றியே வருகிறீர்கள். வெளியூர் ஆட்கள் இல்லையா? கார்த்திகேயன் முரளி தஞ்சாவூர். இரண்டு முறை வரிசையாக தேசிய சாம்பியன், 2023 கத்தார் மாஸ்டர்ஸில் கார்ல்சனைக் கிளாசிக்கல், அதாவது நீண்ட நேர ஆட்டத்தில் ஜெயித்தார். ஆனந்துக்கும் ஹரிகிருஷ்ணாவுக்கும் அப்புறம் அதைச் செய்த மூன்றாவது இந்தியர். அரவிந்த் சிதம்பரம் மதுரைக்காரர், 2024 சென்னை கிராண்ட்மாஸ்டர்ஸ், 2025 பிராக் மாஸ்டர்ஸ் இரண்டிலும் முதலிடம். இனியன் நம் பக்கத்து ஈரோடு. 2019-ல் 61-வது கிராண்ட்மாஸ்டர், 2025-ல் குண்டூரில் தேசிய சாம்பியன்.

சேலத்துப் பிள்ளைக்கு ஈரோட்டு ஆளைக் காட்டினால் 'நம்மாலும் முடியும்' என்று நினைக்கும். சிங்கப்பூரைக் காட்டினால் டிவி பார்ப்பது போலத்தான் பார்க்கும்.

செவ்வாய்ப்பேட்டை கொலுசு | ஞாயிறு, மாலை 5.00

ஈரோடு என்றதும் எனக்கே கொஞ்சம் ஆர்வம் வருகிறது. ஏற்காடு எக்ஸ்பிரஸ் அங்கேதானே கிளம்புகிறது. ராத்திரி அந்த வண்டியில் சென்னைக்கு டோர்னமென்ட் போகிற பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன், மேல் பெர்த்தில் போனை வைத்துக்கொண்டு பசில் போட்டுக்கொண்டு வரும். கீழே அப்பாக்கள் ரேட்டிங் பேசிக்கொண்டு வருவார்கள். தூங்கவிடுவதில்லை.

குரங்குச்சாவடி குதிரை | ஞாயிறு, இரவு 8.30

நான் இன்னும் குகேஷை விடவில்லை. ஆனால் கட்டம் அண்ணா சொன்ன வயது விஷயம் சரி. வயதை எடுத்துவிட்டுச் சொல்லிப் பார்க்கிறேன்.

2022 மாமல்லபுரம் ஒலிம்பியாட். முதல் எட்டு ஆட்டமும் வெற்றி. பத்தாவது சுற்றில் உஸ்பெகிஸ்தானின் அப்துசத்தோரோவ். நல்ல நிலையில் இருந்து குகேஷ் கோட்டைவிட்டுத் தோற்றார். தங்கம் உஸ்பெகிஸ்தானுக்குப் போனது, அவருடைய அணிக்கு வெண்கலம். தனிநபர் தங்கம் கிடைத்தது, ஆனாலும் கையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்ததை எல்லாரும் பார்த்தோம். 2023 டிசம்பரில் கேண்டிடேட்ஸ் கையைவிட்டுப் போகிற நிலை. தமிழக அரசின் ஆதரவோடு அப்போது நடந்த சென்னை கிராண்ட்மாஸ்டர்ஸில் ஜெயித்ததால்தான் உள்ளே நுழைந்தார். டொரன்டோவில் ஏழாவது சுற்றில் பிரூஜாவிடம் தோல்வி.

அப்புறம் சிங்கப்பூர். முதல் ஆட்டமே தோல்வி. மூன்றில் வெற்றி. அப்புறம் வரிசையாக ஏழு டிரா. பதினொன்றில் வெற்றி, பன்னிரண்டில் டிங் அடித்துத் துவைத்துவிட்டார். பதினான்கில் முடிவு.

அந்தப் பதினான்காவது ஆட்டத்தைப் பற்றி ஒன்று. 'டிங் தப்பு செய்தார், அதனால் கிடைத்தது' என்று சொல்கிறவர்கள் உண்டு. டிங் 55-வது நகர்த்தலில் யானையை எப்2-க்குக் கொண்டுவந்தார், சரி. ஆனால் அதற்கு முன்னால் ஒரு சிப்பாய் அதிகமாக வைத்துக்கொண்டு, டிராதான் என்று எல்லாரும் சொன்ன நிலையில், மணிக்கணக்காக விடாமல் அழுத்தியது யார்? யானையை வெட்டி, மந்திரியை டி5-ல் வைத்ததும் மந்திரிகளும் மாறியாக வேண்டும். மிச்சம் ராஜாவும் சிப்பாயும்தான், கருப்புக்கு இரண்டு, வெள்ளைக்கு ஒன்று. நம் அண்டர் 9 பிள்ளைகள்கூட ஜெயிக்கிற நிலை அது. கட்டம் அண்ணா இரண்டாவது மாதத்தில் சொல்லிக்கொடுப்பதே இதைத்தானே?

கன்னங்குறிச்சி கட்டம் | ஞாயிறு, இரவு 9.20

ஆமாம், அதையேதான்.

படித்துவிட்டேன், எல்லாவற்றையும். இன்று வகுப்பில் பிள்ளைகளிடமும் கேட்டேன். பாதிப் பேர் 2022 ஒலிம்பியாட் சின்னம் தம்பியைத்தான் கேட்டார்கள், வேட்டி கட்டிய குதிரை. அதை ஒரு மூலையில் போட்டுத்தான் ஆக வேண்டும் போலிருக்கிறது.

பிளெக்ஸுக்கு வைஷாலி. இதற்கு ஒரே காரணம் இருக்கிறது. எங்கள் பிள்ளைகள் ஞாயிற்றுக்கிழமை ஒருநாள் போட்டிக்குப் போய் ஆறு சுற்றில் நான்கு தோற்றுவிட்டு வருகிறார்கள். பள்ளி ஹால் வாசலில் அப்பா அம்மா 'என்னடா ஆச்சு' என்று கேட்கிற அந்த நிமிடத்துக்குத் தேவையானது டொரன்டோவின் அந்த ஒன்பது கட்டங்கள்தான். ஆறிலிருந்து பதினான்கு வரை ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு கட்டம். முதல் நான்கு கருப்பு, அடுத்த ஐந்து வெள்ளை. பக்கத்தில் சென்னையில் தோற்ற ஏழும் சமர்கந்த் 11-க்கு 8-ம். மேலே 2012-லிருந்து பட்டங்கள், ஆண்டோடு. அக்கா, தம்பி என்ற வார்த்தையே எங்கும் வராது.

ஷ்யாம் நிகிலைச் சுவரில் போட மாட்டேன், அதை விளக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அந்தப் பன்னிரண்டு வருஷம் பெற்றோர் படிக்க வேண்டியது. பிள்ளை சேரும்போது நான் கொடுக்கிற தாளில், கட்டண விவரத்துக்குக் கீழே, நார்ம் என்றால் என்ன, ஒருவருக்கு அது எவ்வளவு காலம் பிடித்தது என்று தறி அண்ணா எழுதியதைச் சுருக்கிப் போடப்போகிறேன். கொலுசு அண்ணா கேட்ட கேள்வியையும் சேர்த்து. அதைப் படித்துவிட்டுச் சேர்க்கிறவர்கள் சேர்க்கட்டும்.

ஆனந்த் வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் இரும்பாலை சார் எழுதியதை அப்படியே அடித்தால் சுவரும் போதாது, என் பட்ஜெட்டும் போதாது.

இரும்பாலை ஓய்வு | ஞாயிறு, இரவு 9.45

ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நேரில் வந்து 2008 பான் மூன்றாவது, ஐந்தாவது ஆட்டங்களைப் பெரிய போர்டில் போட்டுக் காட்டுவேன். இரண்டிலும் ஆனந்துக்குக் கருப்புக் காய், இரண்டிலும் ஒரே ஓப்பனிங், இரண்டிலும் வெற்றி. கிராம்னிக் மாதிரி ஆள் ஒரே குழியில் இரண்டு தடவை எப்படி விழுந்தார் என்று பிள்ளைகள் கேட்கட்டும், அங்கிருந்து பாடத்தை ஆரம்பிக்கலாம்.

ஏற்காடு மிளகு | ஞாயிறு, இரவு 9.58

நன்றி கட்டம் சார். மகளிடம் சொன்னேன். அவளுக்கு வைஷாலி பிடிக்கும், ஆனால் சுவரில் அர்ஜுன் எரிகைசிதான் வேண்டுமாம், அடித்து ஆடுகிறாராம். வாரங்கல்காரர், தமிழ்நாடு இல்லை என்று சொன்னால் 'அதனால் என்ன' என்கிறாள். நீங்களே பேசிக்கொள்ளுங்கள்.

குரங்குச்சாவடி குதிரை | ஞாயிறு, இரவு 10.05

அண்ணா, மாடிப்படிச் சுவர் காலிதானே? சிங்கப்பூர் பதினான்கு ஆட்டமும் படிக்கு ஒன்றாக. பிளெக்ஸ் வேண்டாம், நானே பெயிண்ட்டில் எழுதிவிடுகிறேன். வயது எங்கும் போட மாட்டேன், சத்தியம்.

கன்னங்குறிச்சி கட்டம் | ஞாயிறு, இரவு 10.11

வீட்டுக்காரரிடம் கேட்க வேண்டும். படி பதினான்கு இல்லை, பதினேழு. அடுத்த சனி காலை வா, அளந்து பார்க்கலாம்.

குரங்குச்சாவடி குதிரை | ஞாயிறு, இரவு 10.12

மிச்சம் மூன்று படியில் டை-பிரேக் எழுதலாம் என்றால் அதை நடக்கவே விடவில்லையே இவர்கள். சரி, தம்பி குதிரையை அங்கே போட்டுவிடலாம். பிரஷ் இருக்கிறதா, வாங்கி வரட்டுமா?

கன்னங்குறிச்சி கட்டம் | ஞாயிறு, இரவு 10.20

பிரஷ் இருக்கிறது. கருப்பு பெயிண்ட் மட்டும் வாங்கி வா.